ஸ்பானிஷ் பேசுற நாடுகளோட திருவிழாக்கள்: எல்லாரும் கேக்குற கேள்விகளும் பதில்களும்

ஸ்பானிஷ் கத்துக்கறவங்க, ஸ்பெயின் மெக்ஸிகோ பக்கம் டூர் பிளான் பண்றவங்க, படத்துல பாத்துட்டு ஆர்வமானவங்கன்னு பல பேர் சுத்திச் சுத்தி கேக்குற கேள்விகள இங்க ஒரே இடத்துல போட்டிருக்கேன். எல்லா பண்டிகையும் இதுல வராது, எனக்கு முக்கியம்னு பட்டது மட்டும்தான்.

ஸ்பானிஷ் பேசுற நாடுகள்ல எல்லாம் ஒரே பண்டிகைதானா?

இல்லவே இல்ல. ஸ்பானிஷ ஆட்சி மொழியா வச்சிருக்குற நாடு மட்டுமே 20, அது போக போர்ட்டோ ரிக்கோ வேற. ஐரோப்பாவுல ஒண்ணு, ஆப்பிரிக்காவுல ஒண்ணு, மிச்சமெல்லாம் அமெரிக்க கண்டங்கள்ல. இவங்களுக்குப் பொதுவா இருக்குறது கத்தோலிக்க சர்ச் காலண்டர் மட்டும்தான். கிறிஸ்துமஸ், ஜனவரி 6, தவக்காலத்துக்கு முன்னாடி வர்ற கார்னிவல், புனித வாரம், நவம்பர் 1, 2, ஊர்க் காவல் புனிதரோட நாள், இது எல்லா இடத்துலயும் உண்டு. ஆனா அந்த நாள்ல என்ன செய்றாங்கங்கறது ஊருக்கு ஊர் மாறும், ஸ்பெயினோட செவில்ல நடக்குற புனித வாரத்தையும் குவாத்தமாலாவுல நடக்குறதையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாத்தா அதே விசேஷமான்னு சந்தேகம் வந்துடும்.

இன்னொரு விஷயம், இத முதல்லயே சொல்லிடுறேன், ஏன்னா கீழ வர்ற பாதி பதிலுக்கு இதான் அடிப்படை. இந்த விழாக்கள்ல பெரும்பாலானது டூரிஸ்ட்டுக்காக யாரோ போடுற ஷோ கிடையாது. வலென்சியாவுல தெருவுக்கு ஒரு கமிட்டி, செவில்ல சர்ச்சுக்கு ஒரு சகோதரத்துவ சங்கம், பாம்ப்லோனாவுல பேன்யாங்கற கிளப்புகள், பொலிவியாவோட ஓருரோவுல டான்ஸ் குழுக்கள், இவங்கதான் வருஷம் பூரா சந்தா போட்டு, கூட்டம் போட்டு, சண்டையும் போட்டு விழாவ நடத்துறாங்க. நாம போய் நிக்கிறது அவங்க வீட்டு விசேஷத்துலன்னு புரிஞ்சுகிட்டுப் போனா நிறைய தப்பு பண்ணாம தப்பிக்கலாம்.

டே ஆஃப் த டெட்னு சொல்றது மெக்ஸிகோ ஹாலோவீனா?

இல்ல, தேதி பக்கத்துல பக்கத்துல வர்றதால வந்த குழப்பம் இது. தியா தே முயெர்தோஸ்ல பயமுறுத்துற வேலையே கிடையாது. செத்தவங்க வருஷத்துக்கு ஒரு தடவ வீட்டுக்கு வர்றாங்க, அவங்கள நல்லபடியா வரவேத்து, சாப்பாடு போட்டு அனுப்பணும், அவ்ளோதான் விஷயம். பொதுவா நவம்பர் 1 சின்ன வயசுல இறந்த குழந்தைங்களுக்கு, நவம்பர் 2 பெரியவங்களுக்கு.

வீட்டுல ஓஃப்ரெண்டான்னு ஒரு மேடை வைப்பாங்க. கிட்டத்தட்ட நம்ம வீடுகள்ல முன்னோருக்குப் படையல் போடுற மாதிரிதான், போட்டோ வச்சு, அவங்களுக்குப் பிடிச்ச சாப்பாடு வச்சு. தாத்தாவுக்கு பீர் பிடிக்கும்னா பீர் பாட்டில், சிகரெட் பிடிச்சவர்னா அதுவும் இருக்கும், யாரும் ஒண்ணும் தப்பா நினைக்க மாட்டாங்க. தூரத்துல இருந்து வர்றவங்களுக்கு தாகம் எடுக்குமேன்னு ஒரு கிளாஸ் தண்ணி, உப்பு, மெழுகுவர்த்தி, கோபால்ங்கற மரப்பிசின் புகை, ஓட்டை ஓட்டையா டிசைன் வெட்டின கலர் பேப்பர் தோரணம், சர்க்கரைல செஞ்ச மண்டையோடு, அப்புறம் பான் தே முயெர்தோன்னு மேல எலும்பு மாதிரி மாவு உருட்டி வச்ச இனிப்பு ரொட்டி.

பூ எதுன்னு பாத்தீங்கன்னா நம்ம செண்டுமல்லியேதான். அங்க செம்பசூச்சில்னு பேரு. அந்த வாசனையையும் ஆரஞ்சு கலரையும் பாத்து ஆத்மா வழி கண்டுபிடிச்சு வரும்னு கல்லறைல இருந்து வீடு வரைக்கும் இதழ உதிர்த்து பாதை போடுவாங்க. நம்ம பூக்கடைல கிலோ கணக்குல தொங்குற இந்தப் பூவுக்கு சொந்த ஊரே மெக்ஸிகோ பக்கம்தான், ஐரோப்பாக்காரங்க அமெரிக்கா போனதுக்கு அப்புறம்தான் இந்தச் செடி உலகம் பூரா பரவுச்சு. அங்கயும் சாமி காரியம் இங்கயும் சாமி காரியம்னு ஒரே பூ எப்படி உக்காந்துச்சுன்னு எனக்கு இன்னும் ஆச்சரியம்தான்.

ராத்திரி கல்லறைத் தோட்டத்துக்குப் போய் சுத்தம் பண்ணி, பூ போட்டு, மெழுகுவர்த்தி ஏத்தி, குடும்பமா அங்கயே உக்காந்து சாப்பிட்டு, பேசி, சில இடத்துல மரியாச்சி பேண்ட் கூப்பிட்டு செத்தவருக்குப் பிடிச்ச பாட்டக் கூட பாடச் சொல்லுவாங்க. பாட்ஸ்குவாரோ ஏரி நடுவுல இருக்குற ஹனித்ஸியோ தீவு, ஒஹாகா, மெக்ஸிகோ சிட்டில மிஸ்கிக், இதெல்லாம் இதுக்கு பேர் போன இடங்கள். காம்பேச்சே மாநிலத்துல போமுச்னு ஒரு ஊர்ல இன்னும் ஒரு படி மேல போய், பெட்டில வச்சிருக்குற எலும்புகளையே எடுத்துத் தொடச்சு, புதுத் துணி மாத்தி வைப்பாங்க.

அப்போ அந்த எலும்புக்கூடு மேக்கப், பெரிய ஊர்வலம் எல்லாம்?

மேக்கப்புக்கு மூலம் கத்ரீனா. ஹோசே குவாதலூபே போசாதாங்கற அச்சு ஓவியர் 1910 வாக்குல போட்ட படம் அது, பெரிய பிரெஞ்சு தொப்பி போட்ட ஒரு பெண் எலும்புக்கூடு, தன் சொந்த அடையாளத்த மறைச்சுட்டு ஐரோப்பாக்காரி மாதிரி பவுசு காட்டுறவங்கள கிண்டல் பண்ண வரைஞ்சது. பிறகு தியேகோ ரிவேரா 1947ல தன்னோட சுவரோவியத்துல அவளுக்கு முழு உடம்பும் டிரஸ்ஸும் கொடுத்தாரு, அங்க இருந்துதான் இன்னிக்கு நாம பாக்குற உருவம்.

மெக்ஸிகோ சிட்டில நடக்குற பிரம்மாண்ட பரேடு இருக்கே, அது பழைய பழக்கமே இல்ல. 2015ல வந்த ஒரு ஜேம்ஸ் பாண்ட் படத்துல சும்மா கற்பனையா ஒரு பரேடு காட்டினாங்க, அதப் பாத்துட்டு ஜனங்க வந்து கேக்க ஆரம்பிச்சிடுவாங்கன்னு 2016ல நிஜமாவே ஆரம்பிச்சுட்டாங்க. பாக்க நல்லாத்தான் இருக்கும், ஆனா அத மட்டும் பாத்துட்டு வந்தா பண்டிகையப் பாத்ததா நான் ஒத்துக்க மாட்டேன்.

நவம்பர் 2 மத்த நாடுகள்லயும் உண்டா?

உண்டு, ஆனா மேக்கப் எதுவும் கிடையாது. குவாத்தமாலாவுல சும்பாங்கோ, சாந்தியாகோ சகதேபேகெஸ்னு ரெண்டு ஊர், அங்க நவம்பர் 1ஆம் தேதி பல மீட்டர் அகலத்துக்கு டிஷ்யூ பேப்பர்லயும் மூங்கில்லயும் ராட்சத பட்டம் செஞ்சு கல்லறைத் தோட்டம் பக்கத்துல நிறுத்துவாங்க, இளவட்டங்க மாசக்கணக்கா ராத்திரி ராத்திரி உக்காந்து ஒட்டின பட்டம், ரொம்பப் பெருசு பறக்கவே பறக்காது, சின்னது மட்டும் பறக்கும். அன்னிக்கு சாப்பாடு ஃபியாம்ப்ரே, காய்கறி, கறி, சீஸ், ஊறுகாய்னு டஜன் கணக்குல அயிட்டம் போட்ட ஆறின சாலட். ஈக்வடார்ல கருஞ்சோள மாவும் பழங்களும் போட்டு கொலாதா மொராதான்னு ஊதா கலர்ல கஞ்சி மாதிரி ஒரு சூடான பானம், கூடவே குழந்தை உருவத்துல ரொட்டி. பொலிவியாவுல லா பாஸ்ல நவம்பர் 8 அன்னிக்கு நியாதித்தாஸ்னு நிஜ மண்டையோடுகளுக்கே பூ முடிச்சு, தொப்பி போட்டு, சிகரெட் வச்சு கல்லறைத் தோட்டத்துக்கு எடுத்துட்டு வருவாங்க. சர்ச்சுக்கு இதுல பெருசா சந்தோஷம் கிடையாது.

ஸ்பெயின்ல கிறிஸ்துமஸ் எப்படி? கிறிஸ்துமஸ் தாத்தா உண்டா?

இப்ப வர்றாரு, ஆனா ஹீரோ அவர் இல்ல. சீசன் ஆரம்பிக்கிறதே டிசம்பர் 22 காலைல, லாட்டரியோட. சிரிக்காதீங்க, நெஜமாத்தான். நெப்போலியன் படைகளோட சண்டை நடந்துட்டிருந்தப்ப காசு திரட்ட 1812ல காதிஸ் நகரத்துல ஆரம்பிச்ச லாட்டரி, இன்னிக்கும் மாட்ரிட் சான் இல்தெஃபோன்சோ பள்ளிக்கூடப் பசங்க நம்பரையும் பரிசையும் ராகம் போட்டுப் பாடித்தான் குலுக்கல் நடக்குது, மணிக்கணக்கா அதே ராகம், ஆபீஸ், பார், டாக்ஸி எங்க போனாலும் டிவிலயும் ரேடியோலயும் அதான் ஓடும். முழு சீட்டு வாங்க நிறைய செலவாகும், அதனால பத்துல ஒரு பங்கு, தெசிமோன்னு பேரு, 20 யூரோ, அதான் எல்லாரும் வாங்குவாங்க. முதல் பரிசு எல் கோர்தோ விழுந்தா ஒரு தெசிமோவுக்கு 4 லட்சம் யூரோ, வரி பிடிச்சுட்டுக் குடுப்பாங்க. ஆபீஸ்ல எல்லாரும் ஒரே நம்பர்ல வாங்கும்போது நாம மட்டும் வாங்காம விட்டு அந்த நம்பருக்கே விழுந்துட்டா என்ன ஆகும்ங்கற பயம்தான் பாதி விற்பனைக்குக் காரணம்னு எனக்குத் தோணும்.

24 ராத்திரி குடும்பத்தோட சாப்பாடு. 28ஆம் தேதி அப்பாவி குழந்தைகள் தினம், பைபிள்ல ஏரோது ராஜா குழந்தைங்களக் கொன்ன சோகத்த நினைக்கிற நாள், ஆனா வழக்கத்துல அது ஏப்ரல் ஃபூல் மாதிரி ஆயிடுச்சு, பேப்பர்லயே பொய்ச் செய்தி வரும், மெக்ஸிகோ கொலம்பியாவுலயும் அதே கதைதான். அன்னிக்கு வர்ற நியூஸ ஃபார்வர்ட் பண்ணாதீங்க.

31 ராத்திரி 12 திராட்சை. மாட்ரிட் புவெர்தா தெல் சோல் மணிக்கூண்டு 12 அடிக்கும், ஒவ்வொரு அடிக்கும் ஒரு திராட்சை, மூணு செகண்டுக்கு ஒண்ணு, அதனால 36 செகண்ட்ல முடிக்கணும், முடிச்சா வருஷம் நல்லா போகும். 12 அடிக்கிறதுக்கு முன்னாடி கால் மணி மணியோசை நாலு தடவ வரும், புதுசா வர்றவங்க அதுலயே வாயில போட்டு மாட்டிக்குவாங்க. 1909ல அலிகாந்தே பக்கம் திராட்சை அமோகமா விளைஞ்சு, விக்கிறதுக்காக விவசாயிங்க பரப்பின பழக்கம்னு சொல்லுவாங்க, ஆனா அதுக்கு முன்னாடியே 19ஆம் நூற்றாண்டு கடைசில மாட்ரிட்ல இந்தப் பழக்கம் இருந்திருக்கு, விவசாயிங்க அத நாடு பூரா கொண்டு போனாங்கன்னு வேணா சொல்லலாம். விதை எடுத்து தோல் உரிச்சு 12 மட்டும் போட்ட குட்டி டின் சூப்பர் மார்க்கெட்ல கிடைக்கும், குழந்தைங்களுக்கு அது வாங்கிக்கங்க, தொண்டைல சிக்குற ஆபத்து நிஜமாவே இருக்கு.

குழந்தைங்களுக்கு நிஜப் பண்டிகை ஜனவரி 5 சாயங்காலமும் 6 காலையும். பரிசு கொண்டு வர்றது குழந்தை இயேசுவப் பாக்க வந்த மூணு ராஜாக்கள், மெல்ச்சோர், காஸ்பார், பல்தசார். 5ஆம் தேதி ஊருக்கு ஊர் ரத ஊர்வலம், மேல இருந்து மிட்டாய அள்ளி வீசுவாங்க, விவரமான குடும்பங்க குடையத் தலைகீழா விரிச்சுப் பிடிக்கும். வீட்டுல ஷூவ வெளிய வச்சு, ஒட்டகத்துக்கு ஒரு பாத்திரத்துல தண்ணி வச்சுட்டுத் தூங்கணும். சேட்டை பண்ண பிள்ளைக்கு கரி கிடைக்கும், சர்க்கரைல செஞ்ச கரிதான். 6ஆம் தேதி ரோஸ்கோன்னு வளையம் மாதிரி ஒரு கேக், உள்ள ஒரு பொம்மையும் ஒரு அவரை விதையும் ஒளிச்சு வச்சிருக்கும், பொம்மை வந்தவங்களுக்கு கிரீடம், விதை வந்தவங்க கேக்குக்கு காசு கொடுக்கணும். மெக்ஸிகோவுல இதுக்கு ஒரு தொடர்ச்சி உண்டு, பொம்மை யாருக்கு வந்துச்சோ அவங்க பிப்ரவரி 2 அன்னிக்கு எல்லாருக்கும் தமாலேங்கற சோள மாவுப் பலகாரம் வாங்கித் தரணும்.

லத்தீன் அமெரிக்காவுல டிசம்பர்?

மெக்ஸிகோவுல 16ல இருந்து 24 வரைக்கும் ஒன்பது ராத்திரி போசாதா. ஜோசப்பும் மேரியும் தங்க இடம் கேட்டு அலைஞ்சத நடிச்சுக் காட்டுறது, ஒரு கோஷ்டி வெளிய நின்னு பாடும், உள்ள இருக்குறவங்க முடியாதுன்னு பாடுவாங்க, கடைசில கதவு திறக்கும், அப்புறம் பொன்சேங்கற சூடான பழ பானம் குடிச்சுட்டு, பினியாத்தாங்கற இனிப்பு அடைச்ச பொம்மைய உடைக்கிறதுதான். பினியாத்தாவோட ஏழு முனையும் ஏழு பாவம், கண்ணக் கட்டிட்டு அடிச்சு உடைச்சா இனிப்பு கொட்டும். மெக்ஸிகோ சிட்டிக்கு வடகிழக்கால இருக்குற அகோல்மான் மடத்துல 16ஆம் நூற்றாண்டுல அகஸ்டீன் துறவிங்க ஆரம்பிச்சதுன்னு அந்த ஊர்க்காரங்க பெருமையா சொல்லிக்குவாங்க. கொலம்பியாவுல டிசம்பர் 7 ராத்திரியே ஜன்னல், வாசல், நடைபாதை பூரா மெழுகுவர்த்தியும் பேப்பர் லாந்தரும் ஏத்தி சீசன ஆரம்பிச்சுடுவாங்க. ஈக்வடார்ல 31 ராத்திரி பழைய வருஷத்த பொம்மையா செஞ்சு கொளுத்துறது, அரசியல்வாதி முகமூடி போட்ட பொம்மைக்கு எப்பவும் கிராக்கி, ஆம்பளைங்க கருப்பு டிரஸ் போட்டு அந்தப் பழைய வருஷத்தோட விதவையா வேஷம் கட்டி ரோட்டுல வண்டிய மறிச்சு ஒப்பாரி வச்சு காசு கேப்பாங்க. நிறைய நாடுகள்ல புது வருஷத்துல வெளிநாடு போகணும்னா காலி சூட்கேஸ உருட்டிக்கிட்டு 12 மணிக்குத் தெருவ ஒரு சுத்து சுத்தி வரணும். செலவில்லாத வேண்டுதல்.

செவில் ஊர்வலத்துல கூம்பு தொப்பி, முகமூடி போட்டுப் போறாங்களே, பயமா இருக்கே?

அமெரிக்க நிறவெறிக் கும்பலோட அத முடிச்சுப் போடாதீங்க, இது அவங்களுக்கு பல நூற்றாண்டு முந்தினது. தண்டனை பெற்றவங்க, பாவத்துக்குப் பரிகாரம் பண்றவங்க போட்ட கூம்புத் தொப்பில இருந்து வந்தது, முகத்த மூடுறது யார் பரிகாரம் பண்றாங்கன்னு தெரியக்கூடாதுன்னு. செவில்ல புனித வாரம் ஒரு வாரத்துல சுமார் 60 சங்கங்கள் அவங்கவங்க சர்ச்சுல இருந்து கதீட்ரல் வரைக்கும் போய்த் திரும்புவாங்க, சில ஊர்வலம் 12 மணி நேரத்துக்கு மேலயும் போகும்.

என்னக் கேட்டா நீங்க பாக்க வேண்டியது தொப்பிய இல்ல, ஊர்வலத்துல சிலைய வச்சுத் தூக்கிட்டுப் போற பல்லக்குக்கு அடியில இருக்குற ஆளுங்கள. டன் கணக்குல எடை இருக்குற மரமும் வெள்ளியும் மெழுகும், அதுக்குள்ள திரைக்குப் பின்னால 30, 40 பேர் கழுத்துல தாங்கி, வெளிய ஒண்ணுமே தெரியாம நடப்பாங்க. முன்னாடி நிக்கிற தலைவர் சுத்தியல ஒரு தட்டு தட்டினா அத்தன பேரும் ஒரே நேரத்துல எகிறித் தூக்குவாங்க, கூட்டம் கை தட்டும். நடுவுல ஏதாவது ஒரு பால்கனில இருந்து யாராவது சாயேத்தாங்கற பக்திப் பாட்டப் பாட ஆரம்பிச்சா ஊர்வலமே நின்னு கேக்கும். குவாத்தமாலாவுல அந்திகுவா ஊர்ல இதே வாரம் ரோட்டுல கலர் மரத்தூளால ராத்திரி பூரா கம்பளம் போட்டு வைப்பாங்க, ஊர்வலம் அது மேலயே மிதிச்சுட்டுப் போயிடும், அதுக்குத்தான் போடுறதே.

தேதி வருஷா வருஷம் மாறும். மார்ச் 21 அன்னிக்கோ அதுக்கு அப்புறமோ வர்ற முதல் பௌர்ணமி, அதுக்கு அடுத்த ஞாயிறு ஈஸ்டர், அதனால மார்ச் 22ல இருந்து ஏப்ரல் 25க்குள்ள எங்க வேணாலும் விழும், கார்னிவலும் அதுகூட சேர்ந்து நகரும். டிக்கெட் போடும்போது போன வருஷத் தேதியப் பாத்துப் போட்டுடாதீங்க.

வலென்சியாவுல லட்சக்கணக்குல செலவு பண்ணி சிலை செஞ்சு எரிக்கிறாங்களாமே, ஏன்?

ஃபாயாஸ். தச்சுத் தொழிலாளிங்களோட புனிதர் ஜோசப், அவர் நாள் மார்ச் 19, குளிர்காலம் முடிஞ்சதும் பட்டறைல சேந்த மரக் கழிவ அவர் நாளுக்கு முந்தின ராத்திரி கொளுத்தினதுல ஆரம்பிச்சதுன்னு கதை. இன்னிக்கு அது நாலு மாடி அஞ்சு மாடி உயரம் வரைக்கும் போன பொம்மைக் கோபுரம், பெரும்பாலும் அரசியல் நக்கல், சமூக நக்கல். கிட்டத்தட்ட 400 தெரு கமிட்டிங்க ஆளுக்கு ஒண்ணு பெருசு, ஒண்ணு குழந்தைங்களுக்குன்னு வைக்கிறாங்க. 19 ராத்திரி எல்லாத்துக்கும் தீ, தீயணைப்புக்காரங்க பக்கத்துக் கட்டடச் சுவருக்குத் தண்ணி அடிச்சுக்கிட்டே இருப்பாங்க, கமிட்டிப் பொண்ணுங்க பட்டு டிரஸ்ஸோட நின்னு அழுவாங்க, மறுநாள் காலைல ரோடு சுத்தமா இருக்கும், அடுத்த வருஷ வேலை ஆரம்பம். ஜனங்க ஓட்டுப் போட்டு பெருசுல ஒரு பொம்மையையும் குழந்தைங்களோடதுல ஒரு பொம்மையையும் மட்டும் தீயில இருந்து காப்பாத்துவாங்க, 1934ல இருந்து இந்த வழக்கம், அதெல்லாம் மியூசியத்துல இருக்கு. இப்ப ஃபோம்ல செய்றதால வர்ற கரும்புகை பத்தி புகார் இருக்கு, அது நியாயமான புகார்தான்.

மார்ச் 1ல இருந்தே தினமும் மத்தியானம் 2 மணிக்கு நகராட்சி சதுக்கத்துல மாஸ்கிளேத்தா நடக்கும். வெட்ட வெளிச்சத்துல வெடி, பாக்க ஒண்ணும் இருக்காது, கேக்கத்தான். அஞ்சாறு நிமிஷம், சத்தம் ஏறிக்கிட்டே போய் கடைசில காலுக்கு அடில தரையே அதிரும். கைக்குழந்தையக் கூட்டிட்டுப் போகாதீங்க.

தக்காளி சண்டை, மாட்டு ஓட்டம் இதுக்கெல்லாம் போகலாமா?

ரெண்டும் ஒரு ஹிந்தி படத்தால 2011ல இருந்து இந்தியாவுல ஃபேமஸ், அதனாலதான் இந்தக் கேள்வி இவ்ளோ வருது. ஸ்பெயின்ல புன்யோல் ஊர்ல ஆகஸ்ட் கடைசி புதன்கிழமை தொமாத்தினாங்கற தக்காளி சண்டை, 1945ல பசங்க சண்டைல ஆரம்பிச்சது, எந்த சாமிக்கும் சம்பந்தமில்ல, நடுவுல தடையும் பண்ணாங்க. கூட்டம் தாங்காம 2013ல இருந்து டிக்கெட். ஒரு மணி நேரம், நசுக்கிட்டுத்தான் எறியணும், கண்ணாடி போட்டுக்கங்க. ஒரு தடவ போறதுக்கு ஓகே, அதுக்காகவே ஸ்பெயின் போக வேண்டாம்.

மாட்டு ஓட்டம் நடக்குற பாம்ப்லோனாவோட சான் ஃபெர்மின் விழா ஜூலை 6ல இருந்து 14 வரைக்கும். ஓட்டம் 7ல இருந்து தினமும் காலை 8 மணிக்கு, சுமார் 850 மீட்டர், ரெண்டு மூணு நிமிஷத்துல முடிஞ்சிடும். 18 வயசு ஆகியிருக்கணும், குடிச்சிருக்கக் கூடாது. இதுவரைக்கும் பதிவான சாவு 16, கடைசியா 2009ல, அடிபடுறவங்க வருஷா வருஷம் உண்டு. ஓடின மாடுகள அன்னிக்கு சாயங்காலமே காளைச் சண்டை ரிங்ல கொன்னுடுவாங்க, இத நிறைய பேர் தெரியாமலே போறாங்க. ஸ்பெயின்லயே இதுக்கு எதிர்ப்பு வளந்துட்டிருக்கு, கொலம்பியா 2024ல காளைச் சண்டைய நிறுத்த சட்டமே போட்டுருச்சு. நான் ஓடச் சொல்ல மாட்டேன். விழாவுல மீதி நேரம் பூரா ராட்சத பொம்மை ஊர்வலமும் பேண்டும் இருக்கு, அதுக்குப் போங்க.

கார்னிவல்னா பிரேசில் தானே?

பிரேசில்ல பேசுறது போர்ச்சுகீஸ். ஸ்பானிஷ் பக்கம் என் ஓட்டு பொலிவியாவோட ஓருரோவுக்கு. 3,700 மீட்டர் உயரத்துல ஒரு சுரங்க ஊர், மூச்சு வாங்கும். சுரங்கத்துக்குள்ள தியோன்னு கொம்பு வச்ச ஒரு சாமி, தொழிலாளிங்க அதுக்கு கோக்கா இலையும் சாராயமும் வச்சுக் கும்பிடுவாங்க, மேல சர்ச்சுல சுரங்கத்து மாதா. கார்னிவல் சனிக்கிழமை சாத்தான் வேஷம் கட்டி ஆயிரக்கணக்குல டான்ஸ் ஆடிட்டு நாலு கிலோமீட்டர் வந்து கடைசில மாதா முன்னாடி முகமூடியக் கழட்டி முட்டி போடுவாங்க. 28,000 ஆட்டக்காரங்க, 10,000 வாத்தியக்காரங்க, 20 மணி நேரம். யுனெஸ்கோ 2001லயே இத அங்கீகரிச்சுது. மாதாவுக்கு வேண்டிக்கிட்டு ஆடுறவங்க நிறைய பேரு, டிரஸ்ஸுக்குக் கடன் வாங்கியாவது ஆடுவாங்க.

உருகுவே மாண்டேவீடியோல கார்னிவல் 40 நாள் ஓடும். ஸ்பெயின் காதிஸ்ல அரசியல்வாதிங்கள பாட்டுல கிழிக்கிறது மெயின், ஸ்பானிஷ் நல்லா தெரிஞ்சா மட்டும் போங்க.

ஸ்பானியர்கள் வர்றதுக்கு முன்னாடி இருந்த பண்டிகை ஏதாவது மிச்சம் இருக்கா?

பெரு குஸ்கோவுல ஜூன் 24 இந்தி ராய்மி, சூரிய விழா. இன்கா காலத்துது, ஸ்பானிய ஆட்சில தடை, 1944ல பழைய எழுத்துகள வச்சு திரும்ப ஆரம்பிச்சது, வசனம் பூரா கெச்சுவா மொழில. அறுபடாம வந்ததுன்னு சொல்ல முடியாது, ஆனா அந்த ஊர்க்காரங்க மனசார பண்றாங்க. லிமாவுல அக்டோபர் மாசம் அற்புதங்களின் ஆண்டவர் ஊர்வலம் இன்னொரு கதை, அது ஸ்பானிய ஆட்சிக் காலத்துல வந்ததுதான், அங்கோலால இருந்து கொண்டு வந்த ஒரு அடிமை சுவத்துல வரைஞ்ச இயேசு படம், 1655 பூகம்பத்துல சுத்தி எல்லாம் விழுந்தும் அந்தச் சுவர் நின்னுச்சு, இன்னிக்கு ஊரே ஊதா கலர்ல இறங்கும்.

சின்கோ தே மாயோ மெக்ஸிகோவோட சுதந்திர தினமா?

இல்ல. அது 1862 மே 5ல புவேப்லாவுல பிரெஞ்சுப் படையத் தோக்கடிச்ச நாள், புவேப்லாவ விட அமெரிக்காவுலதான் கொண்டாட்டம் ஜாஸ்தி. சுதந்திர தினம் செப்டம்பர் 16. 1810ல தொலோரேஸ் ஊர்ல பாதிரியார் இதால்கோ மணி அடிச்சுக் குரல் கொடுத்தத வச்சு 15 ராத்திரி 11 மணிக்கு நாட்டுத் தலைவர் பால்கனில நின்னு மணி அடிப்பாரு.

அக்டோபர் 12?

கொலம்பஸ் கரை சேந்த நாள். ஸ்பெயினுக்கு தேசிய தினம், ராணுவ அணிவகுப்பு. வெனிசுலா 2002ல அத பூர்வகுடி எதிர்ப்பு தினம்னு மாத்திடுச்சு. ரெண்டு நாட்டு நண்பர்களும் இருக்குற குரூப்ல வாழ்த்து போடுறதுக்கு முன்னாடி யோசிங்க.

போற நாள்ல கடை திறந்திருக்குமா?

ஸ்பெயின்ல வருஷத்துக்கு 14 லீவு, அதுல ரெண்டு அந்தந்த ஊர் நகராட்சி தன் இஷ்டத்துக்கு வச்சுக்கறது, பெரும்பாலும் ஊர்ப் புனிதர் நாள். அதனால மாட்ரிட்ல கடை திறந்திருக்கும், அரை மணி தள்ளி இருக்குற ஊர்ல எல்லாம் மூடியிருக்கும். லீவு வியாழன்ல வந்தா வெள்ளியையும் சேத்து எடுத்துட்டு ஊரே கிளம்பிடும், அன்னிக்கு ரயில் டிக்கெட் கிடைக்காது. போற ஊர் பேரப் போட்டு அந்த நகராட்சியோட லீவு லிஸ்ட்ட ஒரு தடவ தேடிப் பாத்துட்டு ரூம் புக் பண்ணுங்க, ஃபாயாஸ், சான் ஃபெர்மின், ஒஹாகா நவம்பர் இந்த மூணுக்கும் மட்டும் பல மாசம் முன்னாடியே.